விசில் சேர்

மலையகத்தில் விளையாட்டுக்கு ஒரு ரெபரி என்ற கணக்கெல்லாம் கிடையாது. தைப்பொங்கலுக்குத் தோட்டங்களுக்கு இடையில் கரப்பந்தாட்டம், அது முடிந்ததும் பள்ளிக்கூடங்களில் இல்ல விளையாட்டுப் போட்டி, சித்திரை லீவில் கிரிக்கெட், கோவில் திருவிழா முடிந்த கையோடு உதைபந்தாட்டம், நடுவில் எங்கேயாவது இளைஞர் கழகத்துக் கபடி என்று எது நடந்தாலும் பஸ்சில் வந்து இறங்குவது ஒரே மனிதர்தான். எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் அவருக்கு வைத்த பெயர் விசில் சேர். சொந்தப் பெயரைப் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டார், அதனால் நானும் அப்படியே எழுதுகிறேன்.

பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில் பிறந்தவர். அப்பா கவ்வாத்து வெட்டினார், அம்மா கொழுந்து எடுத்தார். தொண்ணூறுகளில் ஆசிரியர் நியமனம் கிடைத்து, கணக்குப் படிப்பிக்க வந்தவர். பி.ரி. மாஸ்டர் இல்லை, கணக்கு மாஸ்டர். அவர் போன முதல் பள்ளிக்கூடத்தில் விளையாட்டுக்கு ஆளே இல்லாததால் அதிபர் விசிலைக் கையில் கொடுத்துவிட்டார். கொடுத்ததை வாங்கி வைத்துக்கொண்டு சும்மா இருக்கிற ஆளில்லை அவர், ஒவ்வொரு விளையாட்டுக்கும் விதிப் புத்தகம் தேடி, கண்டிக்கும் கொழும்புக்கும் போய் வகுப்பிலும் பரீட்சையிலும் உட்கார்ந்து, கரப்பந்து, உதைபந்து, கிரிக்கெட் மூன்றுக்கும் தகுதி எடுத்தார். அப்புறம் மெய்வல்லுநர், வலைப்பந்து, கபடி எல்லாம் ஒவ்வொன்றாகச் சேர்ந்துகொண்டது.

அவர் பையில் ஒரு நைலோன் கயிறு இருக்கும். அதைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கயிற்றில் அங்கங்கே முடிச்சு போட்டு, ஒவ்வொரு முடிச்சிலும் ஒரு நிறத் துணி கட்டியிருப்பார். 2.24 மீட்டரில் ஒன்று பெண்கள் கரப்பந்து வலைக்கு, 2.43இல் ஒன்று ஆண்கள் வலைக்கு, 3.05இல் ஒன்று வலைப்பந்து வளையத்துக்கு, 9.15இல் ஒன்று ஃப்ரீ கிக் அடிக்கும்போது எதிரணி நிற்க வேண்டிய தூரத்துக்கு, 11 மீட்டரில் பெனால்டிப் புள்ளி, கடைசியாக 20.12இல் கிரிக்கெட் விக்கெட்டுக்கு விக்கெட். கயிறு இழுபடும் என்பதால் வருஷப் பிறப்பில் இரும்பு டேப்பை வைத்து முடிச்சுகளைச் சரிபார்ப்பார். மைதானத்துக்கு வந்ததும் யாரோடும் பேசாமல் முதலில் கயிற்றை எடுத்து அளக்க ஆரம்பிப்பார். கரப்பந்து வலை நடுவில் தொய்ந்து போய், இரண்டு பக்கமும் மட்டும் சரியாக இருக்கிற மாதிரிக் கட்டுவது எங்கள் ஊர்ப் பழக்கம், அதை அவிழ்த்து மறுபடி கட்டாமல் ஆட்டம் தொடங்காது. முணுமுணுப்பவர்கள் முணுமுணுப்பார்கள், அவர் பாட்டுக்குக் கட்டுவார்.

பல விளையாட்டுக்கு நடுவராக இருப்பதில் எது கஷ்டம் என்று ஒருமுறை கேட்டேன். எல்லா விதியையும் மனப்பாடம் பண்ணுவதாக்கும் என்று நினைத்திருந்தேன். அது இல்லையாம். "நேத்து ஊதினதை மறக்கிறதுதான் கஷ்டம் புள்ள" என்றார். யோசித்துப் பார்த்தால் உண்மைதான். கிரிக்கெட்டில் யாராவது கேட்டால்தான் அவுட் கொடுக்கலாம், 31வது விதி அதைத்தான் சொல்கிறது. பந்து மட்டையில் பட்டு கீப்பர் கைக்குப் போனது நமக்கு நன்றாகவே கேட்டிருந்தாலும், களத்தில் நிற்கிற பதினொரு பேரும் வாய் திறக்கவில்லை என்றால் நடுவரும் வாய் திறக்கக்கூடாது. உதைபந்தில் நேர்மாறு, யார் கத்தினாலும் கத்தாவிட்டாலும் பார்த்ததை ஊத வேண்டும், அதிலும் பவுல் வாங்கின அணிக்கே பந்து சாதகமாகப் போய்க்கொண்டிருந்தால் ஊதாமல் இரண்டு கையையும் முன்னால் நீட்டிக்கொண்டு ஓட வேண்டும். கரப்பந்தில் சாதகம் பார்க்கிற பேச்சே இல்லை, தப்பு நடந்த அந்த நொடியில் விசில், அடுத்த சேர்விஸ் அடிக்கவும் விசில், ஊதி 8 விநாடிக்குள் அடித்தாக வேண்டும். வலைப்பந்தில் நடுவர் கோட்டுக்கு வெளியில் ஓடிக்கொண்டே மனசுக்குள் மூன்று எண்ண வேண்டும், கையில் பந்து கிடைத்த பிள்ளை 3 விநாடிக்கு மேல் வைத்திருக்கக்கூடாது, தடுக்கிற பிள்ளை 0.9 மீட்டர் தள்ளி நிற்கிறதா என்பதையும் அதே நேரத்தில் பார்க்க வேண்டும். சனிக்கிழமை ஒன்று, ஞாயிற்றுக்கிழமை இன்னொன்று என்று போகிறவருடைய காது, கண், கை மூன்றும் ஒரே இரவில் மாற வேண்டும்.

இதை விடாமல் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. நான் எட்டாம் வகுப்புப் படிக்கும்போது எங்கள் பள்ளிக்கூடத்துப் பெண்கள் கரப்பந்து அணி முதல்முறை வலய மட்டத்துக்குப் போனது. எங்கள் பிரிவில் எங்களை அடிக்க ஆளில்லை என்ற நினைப்பு எங்களுக்கு. அங்கே போய் முதல் செட்டிலேயே, எதிரணி சேர்விஸ் அடிக்கும்போதெல்லாம் விசில். பந்து எங்கள் பக்கம் வந்து சேரும் முன்னமே புள்ளி அவர்களுக்கு. என்ன நடக்கிறது என்று எங்களில் ஒருத்திக்கும் விளங்கவில்லை. பின் வரிசைப் பிள்ளை, தனக்கு நேர் முன்னால் இருக்க வேண்டிய பிள்ளையைத் தாண்டி நின்றால் அது நிலைத் தவறு, சேர்விஸ் அடிக்கிற அந்தக் கணத்தில் கால் எங்கே இருக்கிறது என்று நடுவர் பார்ப்பார், இதெல்லாம் எங்களுக்கு யாரும் சொல்லித் தந்ததே இல்லை. தோட்டத்தில் விளையாடும்போது யார் எங்கே நின்றாலும் யாரும் ஊதியதில்லை. அப்புறம் எங்கள் நல்ல அடிக்காரி பின் வரிசையில் இருந்தபோது 3 மீட்டர்க் கோட்டுக்கு உள்ளே வந்து, வலைக்கு மேலே இருந்த பந்தை ஓங்கி அடித்தாள். அதற்கும் விசில். அவள் அழுதுகொண்டே நின்றாள். அந்த நடுவர் ஊதியது எல்லாமே சரி. ஆனால் ஏன் ஊதினேன் என்று எங்கள் மொழியில் சொல்ல அங்கே ஒருவரும் இல்லை.

தோற்றது ஆட்டம் தெரியாமல் இல்லை. ஆட்டத்தின் சட்டம் எங்கள் தோட்டம் வரைக்கும் வந்து சேரவில்லை, அவ்வளவுதான். மலையகத்துப் பிள்ளைகள் நன்றாக ஓடுவார்கள், மலை ஏறி வளர்ந்தவர்கள், மூச்சு இருக்கிறது, வலய மட்டம் மாகாண மட்டம் போனால் நிற்க மாட்டேன் என்கிறார்கள் என்று பெரியவர்கள் அடிக்கடி பேசுவதைக் கேட்டிருப்பீர்கள். சாப்பாடு, சப்பாத்து, மைதானம் எல்லாம் காரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் ஒழுங்காக விசில் ஊதத் தெரிந்த ஒருவர் ஊருக்குள் இல்லாததும் ஒரு காரணம் என்பதை ஒருவரும் சொல்வதில்லை. வீட்டிலேயே பிழையைப் பிழை என்று சொல்ல ஆள் இருந்தால் வெளியே போய் ஏன் தடுமாறப் போகிறோம்?

அடுத்த வருஷம் விசில் சேர் எங்கள் பள்ளிக்கூடத்துக்கு இடமாற்றத்தில் வந்தார். பழகும்போதே போட்டி மாதிரி ஊதுவார். மேசைக்கு மேல் ஒரு வாங்கைப் போட்டு அதில் ஏறி நின்று, ஊதி நிறுத்தி, இறங்கி வந்து, சுண்ணாம்புத் துண்டால் தரையில் எங்கள் கால்களைச் சுற்றிக் கோடு போட்டுக் காட்டுவார். "இவ காலைப் பார். அவ காலைப் பார். இப்ப சொல்லு, யார் முன்னுக்கு?" ஆறு பேரும் சுழன்று சுழன்று நிற்க, ஒவ்வொரு சுழற்சிக்கும் கோடு. ஆரம்பத்தில் ஆட்டமே நடக்காது, விசில்தான் நடக்கும். எங்களுக்கு அழுகையே வந்துவிடும். பிறகு விசில் குறைந்தது. அந்த வருஷம் வலயத்தில் எங்களுக்கு ஒரு நிலைத் தவறு கூட இல்லை, மாகாணம் வரைக்கும் போனோம்.

மொழி விஷயத்தைச் சொல்லாமல் விட முடியாது. நுவரெலியா மாவட்டத்தில் ஒரு நல்ல உதைபந்தாட்டப் போட்டி என்றால் சிங்களப் பிள்ளைகளின் அணியும் இருக்கும், தமிழ்ப் பிள்ளைகளின் அணியும் இருக்கும். ஆட்டம் சூடானால் இரண்டு பக்கமும் முதலில் பார்ப்பது ரெபரியின் பெயரை. சேர் சிங்களம் சுத்தமாகப் பேசுவார், ஆனாலும் களத்தில் அவர் பேசுவது மிகக் குறைவு, கைச் சைகையைத்தான் பெரிதாகக் காட்டுவார். 1966 உலகக் கிண்ணக் கால் இறுதியில் இங்கிலாந்தோடு ஆடிய ஆர்ஜன்டீனாத் தலைவர் ரட்டினை ஜேர்மன் நடுவர் வெளியே போகச் சொன்னபோது, இவருக்கு அவர் மொழி தெரியாது, அவருக்கு இவர் மொழி தெரியாது, பல நிமிடம் ஆட்டம் நின்றுபோனது. அந்தக் குழப்பத்துக்குப் பிறகுதான் கென் ஆஸ்டன் என்ற ஆங்கில நடுவர் வீதிச் சமிக்ஞை விளக்கைப் பார்த்து மஞ்சள், சிவப்பு அட்டையை யோசித்தார், 1970 மெக்சிகோ உலகக் கிண்ணத்தில் அது வந்தது. சேர் இந்தக் கதையைப் புதிதாக ஊத வருகிற எல்லோருக்கும் சொல்வார். அட்டையைக் காட்டும்போது முகத்தில் கோபம் இருக்கக்கூடாது, கையை நேராக உயர்த்து, ஆளைப் பார், நம்பரை எழுது, திரும்பி நட. இரண்டு பக்கத்தாரும் அவரைத் திட்டியிருக்கிறார்கள், ஆனால் பக்கம் பார்த்து ஊதினார் என்று நான் கேட்டதில்லை.

தன் தோட்டத்து அணி ஆடினால் மட்டும் ஊத மாட்டார். வேறு ஆளைத் தேடிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டு ஓரமாக உட்கார்ந்து தேத்தண்ணி குடிப்பார். அன்றைக்குத்தான் அவர் முகத்தில் ஆட்டம் பார்க்கிற சந்தோஷம் தெரியும்.

கிரிக்கெட் அம்பயர் என்றால் எங்கள் ஆட்களுக்கு ஒரு கோபம் உண்டு, அதன் வேர் 1995. அந்த வருஷம் டிசம்பர் 26, மெல்பேர்ன் மைதானத்தில் அவுஸ்திரேலிய நடுவர் டெரல் ஹெயார், முழங்கையை நீட்டிப் பந்தை எறிகிறார் என்று சொல்லி, நம் பந்துவீச்சாளர் முத்தையா முரளிதரனுக்கு மூன்று ஓவர்களில் ஏழு தடவை நோ போல் கொடுத்தார். முரளி கண்டிப் பிள்ளை, எங்கள் மலையகத்து வம்சம், லயத்துக்கு லயம் வானொலியைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்களுக்கு அது தங்கள் வீட்டுப் பிள்ளையைப் பிடித்து நிறுத்திய மாதிரி. சேர் அப்போதுதான் அம்பயர் வேலை பழக ஆரம்பித்திருந்தாராம். "உனக்கும் அதே வேலைதானே" என்று பக்கத்து லயத்தில் ஒருவர் முகத்துக்கு நேரே கேட்டாராம். அவர் சொன்ன பதில் எனக்குப் பிடிக்கும். ஹெயாரைத் திட்டி முடித்த பிறகு இன்னொன்றையும் பாருங்கள், மறுமுனையில் நின்ற நியூசிலாந்து நடுவர் ஸ்டீவ் டன் அதே கையை, அதே பந்தை, அதே நாளில் பார்த்து ஒன்றும் சொல்லவில்லை. அப்படியென்றால் வெறுங்கண்ணால் இதைத் தீர்ப்புச் சொல்ல முடியாது என்றுதானே அர்த்தம்? கடைசியில் அதுதான் நடந்தது, ஆய்வுகூடத்தில் அளந்து பார்த்த பிறகு, எந்தப் பந்துவீச்சாளரும் முழங்கையை 15 பாகை வரை நீட்டலாம் என்று 2005இல் சர்வதேச கிரிக்கெட் சபையான ஐ.சி.சி. விதியையே மாற்றியது. கண்ணால் பிடிக்க முடியாததை ஊதக்கூடாது என்பதை அன்றிலிருந்து சேர் எல்லா விளையாட்டிலும் வைத்திருக்கிறார். சந்தேகம் என்றால் விசில் வாய்க்குப் போகாது.

நம் நாட்டிலிருந்து நல்ல நடுவர்கள் வரவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. குமார் தர்மசேன 1996 கிரிக்கெட் உலகக் கிண்ண இறுதி ஆட்டத்தில் விளையாடிக் கிண்ணம் வென்றவர், 2015 இறுதி ஆட்டத்தில் நடுவராக நின்றார், இரண்டையும் செய்த முதல் ஆள் அவர்தான். கண்டியில் பிறந்த ரஞ்சன் மடுகல்ல 2001இலிருந்து ஐ.சி.சி.யின் தலைமைப் போட்டி மத்தியஸ்தர். உலகத்துக்கே நடுவர் கொடுக்கிற நாட்டில், அட்டனிலோ மஸ்கெலியாவிலோ ஒரு தோட்டத்து மைதானத்துக்கு ஊதத் தெரிந்த ஆள் கிடைப்பது மட்டும் ஏன் இவ்வளவு பாடாக இருக்கிறது என்று எனக்கு ஆற்றாமை.

எங்கள் மைதானங்களைப் பார்த்தவர்களுக்கு விளங்கும். மலையை வெட்டிச் சமப்படுத்தியது, ஒரு பக்கம் மண் சுவர், மறுபக்கம் பள்ளம், பள்ளத்தில் தேயிலை. பந்து தேயிலைக்குள் போனால் அட்டைக் கடியோடுதான் எடுத்து வர வேண்டும். தேயிலைக்குள் விழுந்தால் நாலு, சில தோட்டத்தில் ஆறு, சில தோட்டத்தில் அவுட் என்று ஊருக்கு ஒரு சட்டம். முன்பு கிரிக்கெட் விதியிலேயே காணாமல் போன பந்துக்கு என்று தனி விதி இருந்தது, 2017இல் அதை எடுத்துவிட்டு, பந்தைத் தேடி எடுக்க முடியாது என்று நடுவர் சொன்னால் டெட் போல், அதாவது அந்தப் பந்தின் ஆட்டம் அத்தோடு முடிந்தது என்று ஆக்கினார்கள். சேர் அதையும் சொல்லி, எல்லைக்கோட்டைத் தேயிலைக்கு முந்தின தண்ணீர்க் கானோடு நிறுத்தி, சண்டைக்கே இடமில்லாமல் பண்ணிவிட்டார்.

பனிமூட்டம் இன்னொரு வில்லங்கம். பகல் இரண்டு மணிக்கு வெயில் அடிக்கும், மூன்று மணிக்கு ஒரு கோல் கம்பத்திலிருந்து மற்றக் கோல் கம்பம் தெரியாது. நடுவில் நின்று இரண்டு கம்பமும் தெரிகிறதா என்று பார்ப்பார், தெரியவில்லை என்றால் நிறுத்துவார். பரிசளிக்க வந்த பிரமுகர் மேடையில் காத்திருந்தாலும் சரி. ஒரு இறுதியாட்டத்தில் இதற்காகவே அவரைச் சுற்றி வளைத்துக்கொண்டு, ஒருவர் சேர்ட்டைப் பிடித்து இழுத்துப் பொத்தான் அறுந்துபோனது. அவர் மணிக்கூட்டைப் பார்த்து நிமிடத்தை எழுதிக்கொண்டே நின்றார், கோட்டு நடுவராக நின்ற நான் பக்கத்தில் கொடியோடு நடுங்கிக்கொண்டிருந்தேன். அரை மணி கழித்துப் பனி விலகியதும் விட்ட இடத்திலிருந்து ஆட்டம் தொடங்கியது. பொத்தானை அவர் மனைவி மறுநாள் தைத்துக் கொடுத்தாராம். அந்த அம்மாவைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், கல்யாணம் முடித்த நாளிலிருந்து அவருக்குச் சனி ஞாயிறு என்று ஒன்று வீட்டில் இருந்ததில்லை.

கைக்கு என்ன கிடைக்கும் என்று கேட்பீர்கள். பஸ் காசு, பகல் சாப்பாடு, சில இடத்தில் ஒரு கவர், சில இடத்தில் பொன்னாடை. பொன்னாடையை வைத்து விசில் வாங்க முடியாது. நாட்சம்பளத்துக்கு வேலை செய்கிற இளைஞன் ஒருவன் நடுவர் பரீட்சைக்குக் கொழும்புக்குப் போக நினைத்தால், அந்த நாள் பேரும், அதாவது அன்றைய சம்பளமும் போகும், போக்குவரத்துச் செலவும் அவன் தலையில். நன்றாக ஊதக்கூடிய எத்தனையோ பேர் கோட்ட மட்டத்தோடு நின்றுபோவதற்கு இதுதான் காரணம். தோட்ட நிர்வாகமோ தொழிற்சங்கமோ கிண்ணத்துக்குச் செலவழிக்கிற காசில் ஒரு பங்கை இதற்கு ஒதுக்கினால் போதும், வருஷத்துக்கு இரண்டு பேரையாவது அனுப்பலாம். இதை எங்கே வேண்டுமானாலும் சொல்வேன்.

சேர் இப்போது ஓய்வு பெற்றுவிட்டார். முழங்கால் விடுவதில்லை, உதைபந்தை நிறுத்திவிட்டார், கரப்பந்தும் கிரிக்கெட்டும் இன்னும் ஓடுகிறது. பள்ளிக்கூட ஓட்டப் போட்டிக்கு நேரம் பார்க்கிற பிள்ளைகளுக்குப் பழக்க மட்டும் தவறாமல் போவார். ஓட்டத்தைத் தொடங்க மரப்பலகை இரண்டையும் அடிக்கிற சத்தத்துக்கு மணிக்கூட்டை அமுக்காதே, பலகை சேர்வதைக் கண்ணால் பார்த்து அமுக்கு என்பார். சத்தம் விநாடிக்குச் சுமார் 340 மீட்டர் போகும், 100 மீட்டர் தள்ளி நிற்கிற உனக்கு அது வந்து சேர ஏறக்குறைய 0.3 விநாடி, அதுக்குள்ள முதலாவதும் மூணாவதும் மாறிப்போகும் என்று கணக்குப் போட்டே காட்டுவார். கணக்கு மாஸ்டர் இல்லையா.

அவரிடம் சி.ஆர். கொப்பிகள் கொஞ்சம் இருக்கின்றன. ஒவ்வொரு விளையாட்டுக்கும் விதிகளைத் தமிழில், பிள்ளைகளுக்கு விளங்கும்படி, படம் போட்டு எழுதி வைத்திருக்கிறார். விதி மாறும்போதெல்லாம் சிவப்புப் பேனையால் அடித்துவிட்டுப் பக்கத்தில் வருஷம் போட்டுத் திருத்தியிருக்கிறார். கரப்பந்தில் சேர்விஸ் வைத்திருக்கும் அணிக்கு மட்டும் புள்ளி என்ற பழைய 15 புள்ளிக் கணக்கு போய், யார் சேர்விஸ் அடித்தாலும் ஒவ்வொரு தடவையும் வெல்கிற அணிக்குப் புள்ளி, 25க்கு செட் என்று வந்த பக்கம் முழுக்கச் சிவப்பு. ஓட்டத்தில் 2010இலிருந்து தொடக்கச் சத்தத்துக்கு ஒரு தடவை முந்தினாலே வெளியே என்று வந்ததற்குக் கீழே, 2011 டேகு உலகப் போட்டியில் உசைன் போல்டையே அப்படி வெளியே அனுப்பினார்கள் என்று குறிப்பு. அந்தக் கொப்பிகளை நான் இப்போது கணினியில் அடித்துக்கொண்டிருக்கிறேன். கரப்பந்து முடிந்தது, வலைப்பந்து முடிந்தது, உதைபந்தில் 11வது விதியில், ஓப்சைட்டில் நிற்கிறேன். மூல விதிகள் உலகச் சம்மேளனங்களின் தளங்களில் இலவசமாகவே கிடைக்கின்றன, அவற்றோடு வரிக்கு வரி ஒப்பிட்டுத்தான் போகிறோம்.

ஓப்சைட் படங்களைத் தெளிவாக வரைந்து தரக்கூடிய ஒருவர் வேண்டும். உங்கள் பக்கத்தில் ஊதப் பழக ஆசைப்படுகிற பிள்ளைகள், அதிலும் பெண் பிள்ளைகள் இருந்தால், முதலில் உங்கள் பிரதேச செயலகத்தில் இருக்கிற விளையாட்டு உத்தியோகத்தரிடம் போய்க் கேட்கச் சொல்லுங்கள், வகுப்பும் பரீட்சையும் எப்போது என்பதை அவரிடம் விசாரிக்கலாம். பழகிப் பார்க்க மைதானம் வேண்டுமென்றால் எனக்குச் சொல்லுங்கள், ஞாயிற்றுக்கிழமை காலையில் சேர் கயிற்றோடு அங்கேதான் இருப்பார்.